கத்திரிக்குத் தப்பிய கலைஞன்

வாழ்ந்தது இருபத்தொன்பதே ஆண்டுகள். எடுத்தது நான்கே படங்கள். நான்கையும் ஒன்றன்பின் ஒன்றாக ஓட்டினாலும் மூன்று மணி நேரம் பிடிக்காது. அந்த நான்கிலும் ஒன்றை அரசாங்கம் தடை செய்தது. மற்றொன்றைப் பட முதலாளிகள் வெட்டிக் குதறிப் பெயரையே மாற்றி விற்றனர். கையில் காசில்லை, உடலில் வலுவில்லை, பட்டமில்லை, பரிசில்லை. ஆயினும் இன்று, உலகின் எந்த மூலையிலே திரைப்படக் கலையைப் பயிலுவோர் கூடினாலும், அங்கே அந்தப் பெயர் ஒலிக்காமல் இருப்பதில்லை. பிரஞ்சு நாட்டு ழான் விகோ என்பது அந்தப் பெயர்.

அவருடைய வாழ்க்கையை நாம் இங்கே எடுத்துரைக்கப் புகுவது, இளமையில் மாண்ட ஒரு கலைஞனுக்காகக் கண்ணீர் சிந்த மட்டுமன்று. படத்துக்குப் பணம் போடுபவன் யார், அதை வெட்டும் உரிமை பெற்றவன் யார், வேர்வை சிந்திச் சம்பாதித்த காசைக் கொடுத்து உள்ளே போய் உட்காரும் உழைப்பாளிக்குக் கடைசியில் வந்து சேருவது என்ன? இந்தக் கேள்விகளுக்கு விகோவின் வாழ்வு பதில் சொல்கிறது. ஆகவே சொல்கிறோம்.

சிறையில் மாண்ட தந்தை

1905ஆம் ஆண்டு ஏப்ரல் 26ஆம் நாள், பாரிஸ் நகரில் ஒரு சிறிய மாடியறையில் ழான் பிறந்தான். தந்தை மிகேல் அல்மெரெய்தா. அது அவர் தாமே சூட்டிக்கொண்ட புனைபெயர். இயற்பெயரில்தான் விகோ என்பது இருந்தது. இளம்பருவத்திலேயே சிறைக்கதவின் இரும்பைத் தொட்டுப் பார்த்தவர். அரசாங்கம் என்ற அமைப்பே வேண்டாம் என்ற கொள்கையினர். ராணுவத்தை எதிர்த்தும் போரை எதிர்த்தும் எழுதினார், பேசினார், சுவரொட்டி ஒட்டினார். அதற்காகச் சிறை சென்றார். கைக்குழந்தையாக இருந்தபோதே ழானுக்குக் கூட்டமும் கோஷமும் பழகிவிட்டன. தாயும் தந்தையும் பொதுக்கூட்டங்களுக்குப் போகையில் பிள்ளையையும் தூக்கிச் சென்றனர்.

1913இல் அல்மெரெய்தா 'சிவப்புத் தொப்பி' என்று பொருள்படும் ஓர் ஏட்டைத் தொடங்கினார். முதல் உலகப்போர் மூண்டது. ஏடு வளர்ந்தது, பணமும் வந்தது, பணத்தோடு வரும் பலவீனங்களும் வந்தன. அவர் குறையற்றவர் என்று நாம் வாதாட வரவில்லை. மோட்டார் வண்டியும் ஆடம்பர வாழ்க்கையும் அவருடைய பழைய தோழர்கள் பலரை முகஞ்சுளிக்கச் செய்தன. ஆனால் போர் நீண்டு, அகழிகளிலே பிணங்கள் குவியக் குவிய, அந்த ஏடு சமாதானத்தின் பக்கம் சாய்ந்தது. ஆட்சியாளருக்கும் வலதுசாரிகளுக்கும் அது கண்ணில் விழுந்த தூசியாயிற்று.

1917இல் ஏட்டின் நிர்வாகியிடம் எதிரிநாட்டுப் பணத்துக்கான காசோலை ஒன்று பிடிபட்டது. ஆகஸ்டு மாதம் அல்மெரெய்தா கைதானார். குற்றம், தேசத்துரோகம். நிர்வாகி பின்னர் விசாரிக்கப்பட்டுத் தண்டனையும் பெற்றான். அல்மெரெய்தாவின் வழக்கோ நீதிமன்றத்தை எட்டவே இல்லை. ஆகஸ்டு 14ஆம் நாள், ஃப்ரேன் சிறைக் கொட்டடியில், காலணிக் கயிற்றால் கழுத்து இறுகிய நிலையில் பிணமாகக் கிடந்தார். தற்கொலை என்றது அதிகாரம். பல பெரிய மனிதர்களின் ரகசியங்களை அறிந்த வாய் அடைக்கப்பட்டது என்றனர் மற்றவர்கள். உண்மை இன்றளவும் வெளிவரவில்லை.

மகனுக்கு அப்போது வயது பன்னிரண்டு.

பெயரை இழந்த சிறுவன்

துரோகியின் மகன்! போர் நடக்கும் நாட்டிலே இதைவிடக் கொடிய பட்டம் ஒரு பிள்ளைக்கு வேறென்ன? பாட்டியை மணந்திருந்த ஓபெஸ் என்பவர் தெற்கே மான்பெலியே நகரில் புகைப்படத் தொழில் செய்துவந்தார். அவர்தான் சிறுவனை அரவணைத்தார். முதன்முதல் அவனுக்குப் படக்கருவியைப் பழக்கியவரும் அவரே. முதலில் நீம் நகரிலும், பிறகு மியோ என்ற சிற்றூரிலும் பள்ளியில் சேர்த்தனர். சேர்க்கும்போது விகோ என்றோ அல்மெரெய்தா என்றோ எழுதவில்லை. ழான் சால் என்று எழுதினர். பிள்ளை படிக்க வேண்டுமானால் தகப்பன் பெயரை மறைக்க வேண்டும் என்ற நிலை!

மியோ பள்ளி விடுதியில் நான்கு ஆண்டுகள். வரிசை வரிசையாகக் கட்டில்கள். மணியடித்தால் எழ வேண்டும், மணியடித்தால் உண்ண வேண்டும், மணியடித்தால் உறங்க வேண்டும். தவறு செய்தால் நடத்தைக்குப் பூஜ்யம். பூஜ்யம் வாங்கினால் ஞாயிற்றுக்கிழமை வெளியே போக முடியாது. தந்தையை விழுங்கியது கம்பி வைத்த சிறை. மகனை வளைத்தது கம்பியில்லாச் சிறை. அந்த நான்கு ஆண்டுகளையும் அவன் மறக்கவில்லை. நெஞ்சிலே பத்திரப்படுத்தி வைத்தான்.

வளர்ந்த பிறகு தந்தையின் பெயருக்கு ஏற்பட்ட களங்கத்தைத் துடைக்கப் பழைய ஏடுகளைத் தேடினான். பழைய தோழர்களைத் தேடி அலைந்தான். அந்த அலைச்சலுக்கு நடுவே வேறொரு விருந்தாளியும் வந்து சேர்ந்தது: காசநோய். 1926இல் பிரெனே மலைப்பகுதியில் இருந்த ஒரு மருத்துவ விடுதியில் சேர்க்கப்பட்டான். அங்கேதான் தன்னைப் போலவே நோயுற்றிருந்த போலந்துப் பெண் லிதுவைச் சந்தித்தான். 1929இல் இருவரும் மணம் செய்துகொண்டனர். நோயாளியும் நோயாளியும் கைகோத்த குடும்பம் அது.

பணக்காரர் ஊரும் பக்கத்துச் சந்தும்

உடல்நிலை கருதி இருவரும் கடலோர நகரமான நீஸில் குடியேறினர். அங்கிருந்த ஸ்டூடியோவில் விகோவுக்கு உதவியாளர் வேலை கிடைத்தது. போலந்துத் தொழிலதிபரான மாமனார் கொஞ்சம் பணம் கொடுத்தார். புதுமணத் தம்பதிகள் அதில் நாற்காலி மேசை வாங்கவில்லை. பழைய கேமரா ஒன்றை வாங்கினர். அந்தக் கேமராவால் விகோ படமெடுக்கத் துணிந்தது யாரை? மாமனாரின் வர்க்கத்தையே!

நீஸ், ஐரோப்பியச் செல்வர்களின் உல்லாசபுரி. குளிர்காலம் வந்தால் பிரபுக்களும் சீமாட்டிகளும் அங்கே வந்து கடற்கரை நாற்காலிகளில் சாய்ந்து வெயில் காய்வர்; இரவில் சூதாடுவர். அந்த வீதிக்குச் சற்றுத் தள்ளி, பழைய நகரத்துச் சந்துகளில், வீட்டுக்கு வீடு கந்தல் துணி காயும், சாக்கடை ஓடும், நோயால் உருக்குலைந்த குழந்தைகள் விளையாடும். ஊருக்கு வருவோர் கண்ணில் முதலாவது படும், இரண்டாவது படாது. விகோ இரண்டையும் ஒரே துணியில் தைத்தார்.

அவருக்குத் துணை நின்றவர் போரிஸ் காஃப்மன். சோவியத் நாட்டின் புகழ்பெற்ற பட இயக்குநர் ஸிகா வெர்த்தோவின் உடன்பிறந்தவர் அவர். கேமராவைக் கண்டால் மனிதர்கள் முகத்தை மாற்றிக்கொள்வார்கள் அல்லவா? ஆகவே சக்கர நாற்காலியிலே நோயாளி போலக் காஃப்மனை உட்கார வைத்து, கேமராவைப் போர்வைக்குள் மறைத்து, விகோ கடற்கரைச் சாலையிலே தள்ளிக்கொண்டு போவார். செல்வச் சீமான்கள் கொட்டாவி விடுவதையும், மூக்கு நோண்டுவதையும், வாய் பிளந்து உறங்குவதையும் அந்தக் கண் பார்த்துப் பதிவு செய்தது. அலங்காரச் சீமாட்டியைக் காட்டிய மறுகணம் தீக்கோழி ஒன்றைக் காட்டினார். திருவிழாக் கூத்தைக் காட்டிப் பிறகு கல்லறையைக் காட்டினார். கடைசியிலே ஆலைப் புகைபோக்கிகளும், சிரிக்கும் தொழிலாளர் முகங்களும். நாளைய உலகம் யாருடையது என்பதைப் பார்ப்பவனே முடிவு செய்துகொள்ளட்டும் என்று விட்டுவிட்டார்.

'நீஸ் நகரைப் பற்றி' என்ற அந்த மௌனப்படம் 25 நிமிடங்கள்தான். 1930இல் பாரிஸில் திரையிட்டபோது விகோ ஒரு சொற்பொழிவும் ஆற்றினார். திரைப்படம் சமுதாயத்தைப் பேச வேண்டும். உள்ளதை உள்ளபடி காட்டினால் மட்டும் போதாது, காட்டுபவன் எந்தப் பக்கம் நிற்கிறான் என்பதையும் மறைக்கக் கூடாது. பார்த்தவன் தான் இதுவரை அறியாமலே துணைபோன கொடுமையை உணர்ந்து எழ வேண்டும் என்பது அவர் சொன்னதன் சாரம். அதே ஆண்டில் நீஸில் ஒரு திரைப்படச் சங்கத்தையும் தொடங்கி, வியாபாரிகள் தொடாத நல்ல படங்களைத் திரையிட்டுக் காட்டினார்.

சங்கம் சோறு போடுமா? 1931இல் மகள் லூஸ் பிறந்தாள். அதே ஆண்டில் நீச்சல் வீரர் தாரி என்பவரைப் பற்றிக் கூலிக்கு ஒரு குறும்படம் எடுத்தார். பத்து நிமிடப் படம். நீருக்கடியில் மனித உடல் அசையும் அழகை அதிலும் கண்டு பதித்துவிட்டார். அந்த நீர் பின்னொரு நாள் அவருக்குப் பயன்பட்டது.

நான்கு சிறுவர், நடுங்கிய அரசாங்கம்

அடுத்து வந்தவர் நூனெஸ் என்ற வியாபாரி. குதிரைகளில் பிரியமுள்ளவர், சினிமாவில் கொஞ்சம் பணம் போட்டுப் பார்க்க விரும்பியவர். நியாயம் சொல்ல வேண்டுமானால், விகோவை நம்பிய ஒரே முதலாளி அவர்தான். கோமோன் என்னும் பெரிய படக்கம்பெனியின் ஸ்டூடியோவைப் பிடித்துக் கொடுத்தார். 1932 டிசம்பரில் படப்பிடிப்பு தொடங்கியது. நாட்களோ கொஞ்சம், பணமோ அதைவிடக் கொஞ்சம், இயக்குநருக்கோ காய்ச்சல். நடிகர்களில் பெரும்பாலோர் தெருவில் விளையாடிய பிள்ளைகள்.

படத்தின் பெயர் 'நடத்தைக்குப் பூஜ்யம்'. 44 நிமிடங்கள். கதை, மியோ விடுதியில் நெஞ்சிலே சேர்த்துவைத்த அந்த நான்கு ஆண்டுகள். தினமும் அவரைக்கொட்டையே சாப்பாடாகப் போடும் விடுதி; ஒட்டுக் கேட்கும் மேற்பார்வையாளர்; மாணவர் பொருளைத் திருடும் அதிகாரி; தாடி வைத்த குள்ள உருவத்தில் தலைமையாசிரியர், தொப்பியைக் கண்ணாடிக் கூண்டுக்குள் வைக்கக் கை எட்டாமல் தவிக்கும் அதிகாரம்! நான்கு சிறுவர் கலகம் செய்யத் திட்டமிடுகிறார்கள். இரவில் தலையணைகள் கிழிகின்றன. இறகுகள் பனிபோல் பறக்கின்றன. வெள்ளை உடையில் சிறுவர்கள் மெதுவாக, கனவிலே நடப்பது போல, ஊர்வலம் போகிறார்கள். அந்தக் காட்சிக்கு இசையமைத்த மொரீஸ் ழோபேர், இசையைத் தலைகீழாக எழுதி வாசிக்கச் செய்து, பதிந்ததைப் பின்னிருந்து ஓடவிட்டார். இந்த உலகத்தைச் சேராத ஓர் ஒலி பிறந்தது.

மறுநாள் பள்ளி ஆண்டு விழா. சீருடையில் மாவட்ட அதிகாரி. அவருக்குப் பின்வரிசையில் வீற்றிருக்கும் பெரிய மனிதர்கள் யார் தெரியுமா? துணியும் வைக்கோலும் திணித்த பொம்மைகள்! கூரைமீது ஏறிய நான்கு சிறுவரும் கையில் கிடைத்ததையெல்லாம் அவர்கள் தலையில் வீசுகிறார்கள்; பின்னர் கூரையின் உச்சியை நோக்கி, வானத்தை நோக்கி நடக்கிறார்கள். படம் முடிகிறது. நடுவிலே ஒரு சிறுவன் ஆசிரியரைப் பார்த்துக் கொச்சையான ஒரு வசைச்சொல்லை எறிகிறான். தந்தை அல்மெரெய்தா ஒரு காலத்தில் ஏட்டின் வாயிலாக அரசாங்கத்தின் முகத்தில் எறிந்த அதே சொல்! மகன் தன் கடனைத் தீர்த்துக்கொண்டான்.

1933 ஏப்ரலில் படத்தைப் போட்டுக் காட்டினர். சிலர் கைதட்டினர், பலர் கூச்சலிட்டனர். தணிக்கைக் குழு படத்தைத் தடை செய்தது. பீரங்கியும் போர்க்கப்பலும் கொண்ட ஒரு வல்லரசு, நான்கு சிறுவரின் தலையணைச் சண்டைக்கு நடுங்கியது. தடை நீங்கியது 1945இல், அதாவது இன்னோர் உலகப்போர் நடந்து முடிந்த பிறகு.

கால்வாயிலே ஓடிய கடைசிப் படம்

நூனெஸ் நஷ்டப்பட்டார், ஆயினும் கைவிடவில்லை. இனித் தணிக்கைக்குத் தொல்லை தராத கதையாக இருக்கட்டும் என்று, யாரோ எழுதிய சாதுவான ஒரு காதல் கதையைக் கொடுத்தார். சரக்குப் படகின் தலைவன் ஒருவன் கிராமத்துப் பெண்ணை மணக்கிறான், படகு வாழ்க்கை அலுத்துப் பாரிஸைப் பார்க்கும் ஆசையில் அவள் பிரிகிறாள், பிறகு சேருகிறாள். அவ்வளவுதான் கதை. இதில் என்ன செய்துவிட முடியும் என்று எண்ணியிருப்பார்கள்.

விகோ அந்தப் படகை உழைப்பாளிகளின் வீடாக்கினார். 'அத்தலாந்த்' என்பது படகின் பெயர். படத்தின் பெயரும் அதுவே. கயிறு இழுத்துக் காய்த்த கைகள், ஒடுங்கிய அறை, ஈரத் துணி, எங்கு திரும்பினாலும் பூனைகள். கல்யாண ஊர்வலம்கூடச் சேற்றையும் வயலையும் கடந்து படகுத்துறைக்கு வருகிறது. ஊர் ஊராகச் சுற்றிய கிழட்டு மாலுமியாக மிஷேல் சிமோன் நடித்தார். உடல் முழுதும் பச்சை குத்திய அந்தக் கிழவனைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். ஆசையோடு பாரிஸுக்குப் போன பெண் அங்கே காண்பது என்ன? வேலை கிடையாது என்று விரட்டும் ஆலை வாசல். அதன் முன்னே வேலையற்றோர் வரிசை. அவளுடைய பணப்பையைப் பறிக்கும் பசித்த ஒருவன். அவனைத் துரத்தி அடிக்கும் கூட்டம். காதல் கதை கேட்டார்கள். அதற்குள்ளே 1933ஆம் ஆண்டின் பிரஞ்சு நாடு நுழைந்துவிட்டது. பிரிந்த கணவன் கால்வாய் நீருக்குள் குதித்துக் கண் திறக்க, மனைவியின் முகம் நீரிலே சிரிக்கும் காட்சியில், நீச்சல் வீரர் படத்திலே கற்ற வித்தை கை கொடுத்தது.

அது கடுங்குளிர் காலம். கால்வாயில் பனிக்கட்டி மிதந்தது. நெஞ்சிலே நோயோடு விகோ அந்த ஈரத்தில் நின்று வேலை வாங்கினார். காய்ச்சல் ஏறியது, ஓய்வெடுக்கச் சொன்னவர்களின் பேச்சு ஏறவில்லை. படப்பிடிப்பு ஒருவாறு முடிந்ததும் படுக்கையில் விழுந்தார். பிறகு எழவே இல்லை.

1934 ஏப்ரலில் விநியோகஸ்தர்களுக்கும் கொட்டகை முதலாளிகளுக்கும் படத்தைக் காட்டினார்கள். அவர்கள் உதட்டைப் பிதுக்கினர். உடனே எடுத்தது கோமோன் கம்பெனி கத்திரியை! ஒன்றரை மணிநேரப் படம் ஏறக்குறைய ஒரு மணிநேரமாகச் சுருங்கியது. ழோபேரின் இசை ஓடிய இடங்களில், அப்போது ஊரெல்லாம் பாடிக்கொண்டிருந்த ஒரு காதல் பாட்டைத் திணித்தார்கள். அத்துடன் விட்டார்களா? பாட்டின் பெயரையே படத்துக்கும் சூட்டினார்கள். சிறுவயதில் பள்ளியில் சேர அவன் பெயரை மாற்றிய உலகம், சந்தையில் சேர அவன் படத்தின் பெயரையும் மாற்றிற்று. நோய்ப் படுக்கையில் கிடந்தவரால் தடுக்க இயலவில்லை.

இவ்வளவு செய்தும் இலாபம் வந்ததா என்றால், அதுவும் இல்லை. செப்டம்பரில் வெளியாகிச் சில வாரங்களில் படம் படுத்துவிட்டது. 1934 அக்டோபர் 5ஆம் நாள் விகோ கண் மூடினார். 1939இல் லிதுவும் மறைந்தார். 1940இல் போர்முனையில் ழோபேர் உயிரிழந்தார்.

பெயர் திரும்பிய கதை

கதை இத்துடன் முடிந்திருந்தால், பணமும் அதிகாரமும் வென்றன என்று எழுதிப் பேனாவைக் கீழே வைக்க வேண்டியதுதான். முடியவில்லையே!

போருக்குப் பின், திரைப்படச் சங்கங்களில் இளைஞர்கள் அந்த நான்கு படங்களைக் கண்டனர். 1951இல் நண்பர் குளோத் அவ்லின் முயற்சியால் ழான் விகோ பெயரில் ஆண்டுப் பரிசு ஏற்பட்டது. மனத்துணிவும் சுயசிந்தனையும் உள்ள படைப்பாளிகளுக்கு உரியது அது. 1959இல் த்ரூஃபோ எடுத்த 'நானூறு அடிகள்' என்ற படத்திலும், 1968இல் இங்கிலாந்தின் லிண்ட்சே ஆண்டர்சன் எடுத்த பள்ளிக் கலகப் படத்திலும் விகோவின் சிறுவர்கள் மீண்டும் நடமாடினர். காஃப்மன் அமெரிக்கா சென்று, துறைமுகத் தொழிலாளரைப் பற்றிய 'ஆன் தி வாட்டர்ஃபிரண்ட்' படத்தின் ஒளிப்பதிவுக்காக ஆஸ்கர் பரிசு வாங்கினார். தந்தையை மூன்று வயதில் இழந்த மகள் லூஸ், 2017இல் மறையும்வரை அந்த நினைவைக் காத்தார். லண்டன் காப்பகத்தில் கிடைத்த பழைய பிரதி ஒன்றின் உதவியால் 1990இல் 'அத்தலாந்த்' மீண்டும் தன் உருவும் தன் பெயரும் பெற்று எழுந்தது. எழுப்பியது யார் தெரியுமா? அன்று கத்திரி பிடித்த அதே கோமோன் கம்பெனி!

இவை எல்லாவற்றிலும் நம் மனம் தோயும் செய்தி ஒன்று உண்டு. 1966இல் விகோ பரிசு யாருக்குப் போயிற்று? செனகல் நாட்டு உஸ்மான் செம்பேனுக்கு. மார்செய் துறைமுகத்தில் மூட்டை சுமந்தவர், தொழிற்சங்கத்தில் வளர்ந்தவர், அப்புறம் எழுத்தாளராகிப் படமெடுத்தவர். அவருடைய படம், பிரஞ்சுக் குடும்பத்தில் வேலைக்காரியாகச் சென்று அடிமையாக்கப்பட்ட கறுப்புப் பெண்ணின் கதை. அது நடக்கும் இடம் அந்தீப். விகோ தம் கேமராவைப் போர்வையில் மறைத்துக்கொண்டு போனாரே, அந்த நீஸ் நகரத்துக்குப் பக்கத்து ஊர், அதே கடற்கரை! சீமான்கள் வெயில் காய்ந்த கரையை, அவர்கள் வீட்டுச் சமையலறையிலிருந்து பார்க்கும் கண் முப்பத்தாறு ஆண்டுகள் கழித்து வந்தது. துறைமுகத் தொழிலாளி ஒருவன் வடிவிலே வந்தது.

தணிக்கைக்குக் கத்திரி உண்டு. பணப்பெட்டிக்கும் கத்திரி உண்டு. முன்னது சட்டத்தின் பெயரால் வெட்டும். பின்னது மக்கள் விரும்புவது இதுதான் என்று நம் பெயராலேயே வெட்டும். இரண்டில் பின்னதே அபாயம் மிகுந்தது, தோழர்களே! 'நடத்தைக்குப் பூஜ்யம்' தடைக்கு ஆளாயிற்று. ஆனால் பெயரோடும் பிடிவாதத்தோடும் பெட்டிக்குள் காத்திருந்தது. 'அத்தலாந்த்' வேற்றுப் பெயரில், வேற்றுப் பாட்டோடு, உருக்குலைந்து மக்கள் முன் நிறுத்தப்பட்டது. அதைச் சரிசெய்ய ஐம்பத்தாறு ஆண்டுகள் ஆயின.

ஆகவே, மக்களுக்கு இதுதான் பிடிக்கும் என்று எவனாவது சொல்லும்போது, எந்த மக்களைக் கேட்டாய் என்று திருப்பிக் கேட்கும் உரிமை, கொட்டகை வாசலில் காசைக் கொடுக்கும் ஒவ்வொரு உழைப்பாளிக்கும் உண்டு. அந்தக் கேள்வியைக் கேட்க நாம் பழகிக்கொண்டால், அடுத்த விகோ இருபத்தொன்பது வயதில் தோற்றுப் போனவனாகச் சாக வேண்டியதில்லை.